சாயத் தொரையின் ஐந்தாவது டீம்

குதிகால் வெடிப்புக்கு மருமகள் நேற்று விளக்கெண்ணெய் போட்டுவிட்டாள். அந்த வாசனை மூக்கில் ஏறியதும் எனக்குத் தோல் பந்து ஞாபகம் வந்துவிட்டது. அந்தக் காலத்தில் பந்துக்கு விளக்கெண்ணெய் தடவி வெயிலில் வைப்போம். தடவாவிட்டால் காய்ந்து வெடிக்கும். மழையில் நனைந்தாலோ பாறாங்கல்தான், தலையால் முட்டியவனுக்கு இரண்டு நாள் காது இரையும்.

நான் பந்தாடியவன் என்றால் இப்போது என் வீட்டிலேயே நம்புவதில்லை. மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன், இளம்பிள்ளையில் ஒரு தெரு நீளத்துக்குத் தறி போட்டவன் என்று ஊருக்கே தெரியும். ஜெர்மனிக்காரன் பழக்கிய கால் இது என்பது யாருக்கும் தெரியாது. சேலம் ஜில்லாவில் அப்படிச் சொல்லிக்கொள்ளக்கூடிய ஆள் நான் ஒருவன்தான். அதனால் நானே சொல்லிக்கொள்கிறேன்.

அப்போது எனக்கு மீசை நன்றாக வந்துவிட்டது. அம்மாபேட்டையில் நானும் ரங்கனும் பக்கத்துப் பக்கத்துக் குழித்தறியில் நெய்துகொண்டிருந்தோம். ரங்கன் எனக்குப் பங்காளி முறை. சாயம் அப்போதெல்லாம் ஜெர்மனியிலிருந்து தகர டப்பாவில் வரும். அதை எப்படிக் கரைத்தால் சிவப்பு ஒழுகாது என்று பட்டறைக்காரர்களுக்குக் காட்டிக்கொடுக்க அந்தக் கம்பெனி ஒரு வெள்ளைக்காரனை அனுப்பியிருந்தது. பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. சாயத் தொரை என்றோம். முழங்கை வரை நீலமாக இருக்கும். ஒரு முழங்கால் மடங்காது.

ஒரு நாள் அவர் நேராக எங்கள் தறிக்கு வந்து, குழிக்குள் குனிந்து, நாங்கள் தறியின் மிதிக்கட்டைகளை மிதிப்பதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எங்களை எழுப்பி வெளியே நிறுத்தி, கெண்டைக்காலை அமுக்கிப் பார்த்தார்.

"யானைக்கால் வைத்தியரா இருப்பாரோ?" என்றான் ரங்கன்.

"உனக்குத்தான் பார்க்கிறார். என் கால் நல்லாத்தான் இருக்குது."

தொரை தமிழ் கற்றது சாயப்பட்டறையில். அதனால் திட்டினாலும் மரியாதையாகத்தான் திட்டுவார். "ரெண்டு காலும் ஒரே மாதிரிங்க," என்றார் எங்களிடம். "எங்கூர்ல எல்லாருக்கும் ஒரு கால்தாங்க. நீங்க பந்து ஆடுங்க." இடது கால், வலது கால் என்று மாற்றி மாற்றி மிதிக்கிறவனுக்கு இரண்டு காலாலும் பந்து அடிக்க வரும் என்பது அவருடைய கணக்கு. கணக்கு சரிதான். என்னைப் பார்த்தவர்கள் அப்படித்தான் சொன்னார்கள்.

பட்டறையில் நூல் ஊறிக்கொண்டிருக்கும் நேரத்தில் அவர் தன் கதையைச் சொல்வார். சாய வாடையும் சோடா உப்பு வாடையும் கண்ணைக் கரிக்கும். இளவயதில் அவர் நல்ல ஆட்டக்காரராம். முழங்கால் போனதும் பழக்குகிற வேலைக்கு வந்துவிட்டார். முதலில் நிலக்கரிச் சுரங்கத்துப் பையன்களைப் பழக்கினார், வருஷா வருஷம் இரண்டாவதாக வந்தார்கள். அடுத்தது ஒரு துறைமுகத்து டீம். பாதி வருஷத்திலேயே போகச் சொல்லிவிட்டார்கள். மூன்றாவது டீம் இறுதி ஆட்டத்தில் தோற்றது. நான்காவது, பக்கத்து நாட்டில், டீமே கலைந்துவிட்டது. அப்புறம்தான் வயிற்றுப்பாட்டுக்குச் சாயக் கம்பெனி.

"நாலு டீமுங்க. கப்பு ஒண்ணும் இல்லீங்க. ஒரு தடவை கையில பிடிச்சா போதுங்க," என்பார். சிரிக்கமாட்டார். சாயம் ஏறிவிட்டதா என்று நூலைத் தூக்கிப் பார்ப்பார்.

ஆக, அவருக்கு ஐந்தாவது டீம் நாங்கள்.

எங்கள் தெருவில் தறி நெய்கிற பதினோரு பேர், வற்றிய ஏரித் தரையில் பழகினோம். சுண்ணாம்புக் கோடு போட்டால் காற்றில் போய்விடுகிறது என்று தொரை எங்களிடமே கழிவு நூல் வாங்கி நான்கு பக்கமும் கட்டினார். கோல் முன்னால் ஒரு கட்டம். அங்கேதான் வந்தது வினை. பந்தோடு ஓடுகிறவன் நூல் வந்ததும் நின்றுவிடுவான். கோல் காக்கிற குப்பன் இருக்கிறானே, அவன் பந்து வெளியே போனால் நூலின் முனை வரை நடந்து, சுற்றிக்கொண்டு போய் எடுத்து வருவான். தறியில் ஏற்றுகிற நீள நூலான பாவைத் தெருவில் நீட்டியிருந்தால் குறுக்கே போகக்கூடாது. மாமியார் வீட்டுக்கு வந்த மாப்பிள்ளையும் தெருமுனை சுற்றித்தான் வரவேண்டும். இது எங்கள் ரத்தத்தில் ஊறியது. நூலைக் கண்டால் கால் தானாக நிற்கும்.

தொரை எங்களைப் பயந்தாங்கொள்ளிகள் என்று நினைத்துவிட்டார். "ஏனுங்க நிக்கிறீங்க? பந்து அங்க போகுதுங்க. நீங்க கழுதைங்களா?"

"நூலுங்க," என்றான் குப்பன்.

அடுத்த நாள் விடிகாலை அவர் எங்கள் தெருவுக்கே வந்துவிட்டார். பாவு நீட்டிக் கஞ்சி தடவிக்கொண்டிருந்தோம். ஒருத்தர் "இழு சாமி" என்று குரல் கொடுப்பார். பிடித்திருக்கும் அத்தனை பேரும் ஒரே நேரத்தில் ஓர் எட்டு வைப்பார்கள். ஒருத்தன் தங்கினாலும் பாவு தொய்ந்து இழை ஒட்டிக்கொள்ளும். ஆகவே யாரும் யோசிப்பதில்லை, குரல் கேட்டால் கால் போகும். கஞ்சி காயும் வரை தொரை நின்று பார்த்தார்.

சாயங்காலம் என் இடுப்புக்கும் ரங்கன் இடுப்புக்கும் நடுவே ஓர் இழை கட்டினார். நாங்கள் இருவரும் பின்காவல். "இது பாவுங்க. தொங்கக் கூடாதுங்க," என்றார். எதிராளிக்குப் பந்து போகிற சமயத்தில் நான் "இழு சாமி" என்பேன். இருவரும் சேர்ந்து முன்னால் ஓர் எட்டு வைப்போம். எங்கள் முதுகுக்குப் பின்னால் அகப்பட்ட எதிராளி பந்தைத் தொட்டால் ஆஃப்சைடு, கோல் செல்லாதென்று ஊதிவிடுவார்கள். கொஞ்ச நாளில் இழையை அறுத்துவிட்டோம். அதற்கு அப்புறம் எங்களைத் தாண்டி வந்தவன் இல்லை. என்னைத் தாண்டி என்று சொன்னாலும் தப்பில்லை.

இப்படியாகச் சேலத்துக் கோப்பையில் இறுதி ஆட்டம் வரை போய்விட்டோம். எதிரே ஈரோட்டு டீம். எல்லாரும் பூட்ஸ் போட்டவர்கள், எங்களுக்கு வெறுங்கால். அந்த வாரம்தான் ஜெர்மனிக்கும் இங்கிலீஷ்காரனுக்கும் சண்டை மூண்டிருந்தது. ஆட்டம் தொடங்குவதற்கு முன்னால் இன்ஸ்பெக்டர் ஒருவர் இரண்டு கான்ஸ்டபிள்களோடு வந்தார். ஜெர்மனிக்காரர்களைப் பிடித்து முகாமுக்கு அனுப்ப உத்தரவு. நல்ல மனிதர், பந்துப் பைத்தியம் வேறு. "ஆட்டம் முடியட்டும். முடிஞ்சதும் வண்டி ஏத்தணும்," என்று சொல்லித் தொரை பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டார்.

முதல் பாதியில் ஒரு கோல் போட்டோம். போட்டது வேறு ஆள், பந்து கிளம்பியது என் காலிலிருந்து. இடைவேளையில் ரங்கன் இன்ஸ்பெக்டரிடம் போய் நின்றான்.

"ஏனுங்க, ஆட்டம் சமமா போச்சுன்னா?"

"நாளைக்கு மறுபடி ஆடணும். அதுதானே சட்டம்."

"அப்போ இன்னிக்கு முடியலைன்னுதானுங்களே அர்த்தம்?"

இன்ஸ்பெக்டர் அவனை ஏற இறங்கப் பார்த்தார். "அப்படித்தான் வச்சுக்கயேன். நாளை வண்டியில அனுப்பறேன்."

தொரை ரங்கன் வீட்டுச் சாய்ப்பில்தான் குடியிருந்தார். அவன் வீட்டுக் களியைத்தான் தின்றார். ரங்கன் என்னிடம் வந்தான்.

"ஒரு கோல் உட்டுக் குடுத்துரலாண்டா. ஒரு நாளாச்சும் இருப்பாரு."

"அவரு கேட்டது கப்பு."

"கப்பு அடுத்த வருசமும் வரும். தொரை வருவாரா?"

"நாலு ஊர்ல கெடைக்காததுடா அது. நாளைக்குத் தோத்துட்டா?"

"நான் காலெடுக்க மாட்டேன். நீ கத்திக்கிட்டே இரு," என்று சொல்லிவிட்டுப் போனான்.

பேச்சு அவ்வளவுதான். தொரைக்கு ஒன்றும் தெரியாது. மடங்காத காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

ஆட்டம் முடியப் போகிற நேரம். சேர்வராயன் மலைப் பக்கம் இருட்டிக்கொண்டு வந்தது. ஈரோட்டு நெட்டையன் ஒருவன் ரங்கனுக்கு ஓரடி முன்னால் நிற்கிறான். நடுவிலிருந்து பந்து கிளம்பப் போகிறது. ரங்கன் நட்ட கல் மாதிரி கோல் பக்கமாக நிற்கிறான். அவன் அங்கேயே நின்றால் நெட்டையன் வாங்கி நேரே கோலில் அடிப்பான். நான் அடிவயிற்றிலிருந்து கத்தினேன்.

"இழு சாமி."

ரங்கன் கால் எட்டு வைத்துவிட்டது. அவன் முகத்தைப் பார்த்தேன். கால் போனது அந்த முகத்துக்கே தெரியவில்லை. நெட்டையன் பந்தை வாங்கிக் கோலுக்குள் அடித்தான், ஆனால் அதற்குள் ஊதியாயிற்று. ஆஃப்சைடு. அப்புறம் கொஞ்ச நேரத்தில் ஆட்டமும் முடிந்தது.

கோப்பையை வாங்கித் தொரை கையில் கொடுத்தோம். நீலக் கையால் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கனம் இல்லீங்க," என்றார். அப்புறம் எங்கள் ஒவ்வொருவர் காலையும் குனிந்து தொட்டார். வெள்ளைக்காரன் காலைத் தொட்டதும் குப்பன் அலறிக்கொண்டு பின்னால் போனான். இன்ஸ்பெக்டர் கடிகாரத்தைப் பார்த்தார். கோப்பையை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தொரை லாரியோ காரோ எதிலோ ஏறினார். எது என்று நான் பார்க்கவில்லை, ரங்கனைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"ஏண்டா இழுன்னு சொன்னே?" என்றான்.

"நான் சொன்னேன். நீ ஏண்டா வந்தே?"

அவன் குனிந்து தன் காலைப் பார்த்தான்.

தொரை திரும்பி வரவில்லை. எந்த முகாம், உயிரோடு ஊர் போய்ச் சேர்ந்தாரா என்பது தெரியவில்லை. சண்டைக்குப் பிறகு சாயம் வேறு எங்கிருந்தோ வந்தது. கோப்பைப் போட்டியும் நின்றுவிட்டது. ஆடிய இடத்தில் இப்போது மாடி வீடுகள். கோப்பை குப்பன் வீட்டில் அரிசி அளந்துகொண்டிருந்தது, பிறகு அதையும் காணோம்.

நானும் ரங்கனும் மட்டும் அந்த ஆட்டத்தை விடவில்லை. கல்யாணத்தில், எழவில், சந்தையில் எங்கே பார்த்தாலும் அவன் ஆரம்பிப்பான். "ஒரு நாள் இருந்திருப்பாருடா." நான், "நாலு ஊருடா," என்பேன். குரல் உயரும், பெண்டுகள் வந்து பிரித்துவிடுவார்கள். போன தையில் ரங்கன் போய்விட்டான். இப்போது பேரன்களைக் கூப்பிட்டு வைத்து இதைச் சொன்னால், "நீங்க செஞ்சதுதானுங்க தாத்தா சரி," என்று எழுந்து போய்விடுகிறார்கள். இல்லையென்று சொல்ல ஓர் ஆள் இல்லை.