தியாகலிங்கம் கேட்ட பேய்ப்பட இசை

தியாகலிங்கத்துக்குக் காதுதான் எல்லாம். யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலிச் சந்தையில் வெங்காயம் விற்கிற மனுசன், இசையென்று வந்துவிட்டால் ராசா. இரைச்சல் கலந்த பாட்டுக் கசெற்றை வீட்டுக்குள் விடவே மாட்டார். "உதென்ன, சட்டியிலை மீன் பொரியிற சத்தம்!" என்று திருப்பிக் கொடுத்துவிடுவார்.

பாட்டைவிட அவருக்குப் பிடித்தது பேய்ப்படங்களின் பின்னணி இசை. நாட்டில் சண்டை தொடங்குவதற்கு முந்திய காலத்தில் தியேட்டரில் உட்கார்ந்து, மயிர்க்கூச்செறியப் பயந்துவிட்டு, சிரித்துக்கொண்டே வீட்டுக்கு வருவார். அந்தச் சுகத்துக்கு ஈடே இல்லை என்பார்.

தொண்ணூற்றிரண்டில் கொழும்பிலிருந்து வந்த மச்சான் ஒரு கசெற் கொண்டுவந்தான். ஒரு பேய்ப்படத்தின் இசை முழுவதும், ஒரிஜினல் இசைத்தட்டிலிருந்து நேரே பதிந்தது. துளி இரைச்சல் கிடையாது. ஆனால் ஊரில் கரண்ட் இல்லை, பற்றரியும் இல்லை. சைக்கிளைத் தலைகீழாகக் கவிழ்த்து, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில்தான் கேட்கவேண்டும். வேகம் கூடினால் இசை கீச்சிடும், குறைந்தால் இழுக்கும். அவரே சுற்றினால் அவருக்கு அவருடைய மூச்சுத்தான் கேட்டது.

"ஒரேயொருக்கா முழுக்கக் கேட்டிட வேணும்" என்று மனைவி பாலேஸ்வரியிடம் கெஞ்சினார்.

"பேய்க்குச் சைக்கிள் சில்லுச் சுத்த விட்டிட்டீங்கள், என்ரை விதி!" என்றபடி அவள் முந்தானையைச் செருகிக்கொண்டு குந்தினாள்.

ஞாயிறு பின்னேரம். சத்தம் எடுப்பாகக் கேட்க, ஸ்பீக்கரை வெறும் மண் முட்டிப் பானையின் வாயில் வைத்துவிட்டுக் கண்ணை மூடினார். பாலேஸ்வரி ஒரே சீராகச் சுற்றினாள். சும்மா சொல்லக்கூடாது, கெட்டிக்காரி. வயலின்கள் பிரிந்து பிரிந்து கேட்டன. வாசிக்கிறவன் மூச்சிழுப்பதுகூடக் கேட்டது. பிறகு அடியிலிருந்து ஓர் உறுமல். தூரத்தில் தொடங்கி, கிட்ட வந்து, மண் முட்டியே அதிர்ந்தது.

அடுத்து அவருக்கு நினைவு வந்தபோது, குண்டுவீச்சுக்குத் தப்ப முற்றத்தில் வெட்டிய பங்கர் குழிக்குள் கிடந்தார். முழங்காலில் இரத்தம். எப்படி ஓடினார், எப்படிக் குதித்தார், ஒன்றும் தெரியவில்லை.

"இஞ்சருங்கோ! குண்டு போடுற பொம்மர் இல்லை, உங்கடை கசெற்தான்! மேலை வாங்கோ!" பாலேஸ்வரி சிரித்துக்கொண்டே கூப்பிட்டாள். கை சுற்றுவதை நிறுத்தவில்லை.

"ஓம், தெரியுது" என்றார்.

தெரிந்துதான் இருந்தது. ஆனால் கால் எழும்பவில்லை. சந்தையில் நாலுபேரை அதட்டுகிற மனுசனுக்கு வெட்கத்தில் அழுகை வந்தது. ஆசைப்பட்டுப் பயந்த காலம் போய்விட்டதே என்று நெஞ்சு எரிந்தது.

அவர் குரலில் என்ன கண்டாளோ, பாலேஸ்வரியின் சிரிப்பு அடங்கியது. "நிப்பாட்டட்டே?"

மேலே இசை தெளிவாக ஓடிக்கொண்டிருந்தது. இன்னும் அரைவாசி இருந்தது.

"வேண்டாம், நீர் சுத்தும்" என்றார். "நான் இஞ்சை இருந்தே கேக்கிறன்."