செத்தவீட்டுக்குப் போன சுகந்தி

மேரிசுகந்தி கூடை சுமந்து கருவாடு விற்றவள். நெடுந்தீவில் அவள் கால் படாத வீடு இல்லை. அந்தக் கால்களுக்குத்தான் பிரசாந்தன் குறிவைத்தான். அவனும் இந்த ஊரான்தான். யாழ்ப்பாணத்துக்குப் போய், கண்ணாடிக் கதவு போட்டு ஒரு நிதி நிறுவனம் திறந்து, வங்கியைவிட இரட்டை வட்டி என்றான். சனம் அவனை நம்பவில்லை, சுகந்தியை நம்பியது. அவள் வீடு வீடாக வாங்கிய காசை அப்படியே அவன் கையில் கொடுத்தாள். மகளின் சங்கிலியை விற்ற காசையும் அதிலேயே போட்டாள்.

ஒருநாள் நிறுவனம் பூட்டிக் கிடந்தது. பொலிஸார் முறைப்பாட்டை எழுதி முடிக்க முன்னரே பிரசாந்தன் கொழும்புச் சட்டத்தரணி ஒருவரைப் பிடித்து முன்பிணை எடுத்துவிட்டான். இனி அவனைப் பிடித்து அடைக்க முடியாது. யாருடைய காசில் எடுத்தான் என்று கேட்டால் எனக்கு வாய்க்கொழுப்பு என்பார்கள். பழி ஓரிடம், பாவம் ஓரிடம். அடுத்த முறைப்பாடு சுகந்தியின் பெயரில் போனது. கொடுத்தவன் றெக்ஷன். அவனுடைய தகப்பன் கிறிஸ்தோப்பர் வள்ளத்துக்கு இயந்திரம் வாங்கச் சேர்த்ததைச் சுகந்தியிடம் கொடுத்தவர். அது போன நாளிலிருந்து பாயில் கிடந்தார்.

நான் அவளுடைய பக்கத்து வீட்டுக்காரன். ஊர்காவற்றுறையில் அவளுக்கு ஒரு சட்டத்தரணியைப் பிடித்துக் கொடுத்தேன்.

"நாளைக்குக் காலமை முதல் படகில வாரும்," என்றார் அவர் போனில். "சத்தியக்கடதாசியில கையெழுத்து வைச்சால் அண்டைக்கே முன்பிணைக்குப் போடுறன். அதுவரைக்கும் பொலிஸின்ரை கண்ணில படாதையும்."

மறுநாள் துறையில் அவள் படகில் கால் வைக்க, கோயிலில் துக்க மணி அடித்தது. கிறிஸ்தோப்பர் போய்விட்டார் என்று துறையில் நின்றவர்கள் சொன்னார்கள். சுகந்தி வைத்த காலை எடுத்தாள்.

"ஏறும் பிள்ளை," என்றேன். "கையெழுத்தை வைச்சிட்டுப் பின்னேரம் வந்து அழலாம்."

"ஏலாது அண்ணை. நன்மைக்குப் போகாட்டிலும் தின்மைக்குப் போகவேணும். இப்ப படகேறினால் காசை அடிச்சுக்கொண்டு ஓடுறாள் எண்டுதானே சனம் சொல்லும்?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்தச் சனம் அவளுக்குக் கள்ளி என்று பெயர் வைத்து எவ்வளவோ நாளாயிற்று. இருந்தும் அவள் திரும்பி நடந்தாள். படகு எங்களை விட்டுவிட்டுப் போனது.

செத்தவீட்டில் பிரேதத்தின் காலடியில் விழுந்து அழுதாள். பெண்கள் விலகி இடம் விட்டார்கள். ஒருத்தியாவது அவளைக் கட்டிப்பிடித்து அழவில்லை. அவள் முழந்தாளிட்டு 'அருள் நிறைந்த மரியே' சொல்லத் தொடங்கினாள். மறுபாதியைச் சொல்ல வேண்டியவர்கள் வாயை மூடிக்கொண்டு இருந்தார்கள். அதையும் அவளே சொன்னாள். சொல்லி முடிக்கும்போது வாசலில் பொலிஸ் ஜீப் நின்றது. றெக்ஷன் எழுந்துபோய் அவளைக் காட்டிக் கொடுத்தான்.

"கொப்பர் கிடக்கிற வீட்டிலயோடா?" என்று கேட்டேன்.

"வேற எங்கை பிடிக்கிறது? அவ வராமல் இருக்கமாட்டா எண்டு எனக்குத் தெரியும். மணி அடிச்ச உடனயே அறிவிச்சிட்டன்."

அவனுடைய கண்ணும் சிவந்துதான் இருந்தது. பெற்ற தகப்பனைப் பறிகொடுத்தவன். ஆனாலும் அன்றைக்கு அவனை அறைய வேண்டும்போல் இருந்தது. சுகந்தி அழுகையை நிறுத்தி, சேலையைச் சரிசெய்துகொண்டு ஜீப்பில் ஏறினாள்.

அடுத்த நாள் அடக்கம். சுகந்தி விளக்கமறியலில் இருந்தாள். பிரசாந்தன் வெள்ளைச் சேட்டுப் போட்டுக்கொண்டு முதல் படகிலேயே வந்து இறங்கினான். முன்பிணை உள்ளவனை யார் தொடுவது? காசைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தருவதாகச் சொல்லியிருக்கிறானாம். றெக்ஷன் ஓடிப்போய் அவனுக்குக் கதிரை போட்டு, குசினியைப் பார்த்துக் கூப்பிட்டான்: "அண்ணைக்கு ஒரு தேத்தண்ணி கொண்டு வாங்கோ."