மொட்டைக்குக் கிடைத்த காதலன்

பதினாறு வயதில் எனக்கு ஒரு காதலன் இருந்தான். சிவப்பு மோட்டார் சைக்கிள் வைத்திருந்தான். பிரிக்பீல்ட்ஸில் ஒரு ஹேண்ட்போன் கடையில் வேலை பார்த்தான். கிள்ளானில் நான் படித்த இடைநிலைப்பள்ளியில் அவனைத் தெரியாத ஆளே கிடையாது, என்னைத் தவிர.

எல்லாம் என் மொட்டைத் தலையில் தொடங்கியது. எனக்கு இரண்டு வயதில் காய்ச்சல் முற்றி வலிப்பு வந்திருக்கிறது. ஒரே ஒரு தடவை. சின்னப் பிள்ளைகளுக்குக் காய்ச்சலில் அப்படி வருவது உண்டு, பயப்பட ஒன்றுமில்லை என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அம்மா டாக்டரையும் நம்பினாள். இருந்தாலும் ஒரு காப்புக்கு இருக்கட்டும் என்று பத்துமலை இருக்கும் திசையைப் பார்த்து, "முருகா, பிள்ளை பொழைச்சா முடி குடுக்கிறேன்" என்று வேண்டிக்கொண்டாள். நான் பிழைத்தேன். அம்மா வேண்டுதலைச் சுத்தமாக மறந்துபோனாள்.

பள்ளியில் நான் நான்காம் படிவத்துக்கு வந்த வருடம் வீட்டில் எதுவும் சரியில்லை. அப்பா பள்ளிப் பிள்ளைகளை ஏற்றி இறக்கும் வேன் ஓட்டுபவர். அந்த வேனில் கியர்பாக்ஸ் போனது. அது சரியாவதற்குள் அம்மாவுக்குச் சிறுநீரகத்தில் கல் வந்தது. கல் கரைவதற்குள் அப்பாவுக்கு முதுகு பிடித்துக்கொண்டது. காப்பார் என்ற ஊரில் அருள்வாக்கு சொல்லும் ஓர் அம்மாவிடம் போனோம். "என்னமோ வேண்டிக்கிட்டு செய்யாம விட்டிருக்கீங்க" என்றார். இதை எந்தத் தமிழ் வீட்டில் போய்ச் சொன்னாலும் பொருந்தும் என்பது இப்போது எனக்குத் தெரிகிறது. அம்மாவோ அங்கேயே "ஐயோ முருகா" என்று வாயைப் பொத்திக்கொண்டு என் தலையைப் பார்த்தாள்.

என் முடி அப்போது இடுப்பைத் தொடும். சும்மா சொல்லக்கூடாது, என்னிடம் பார்க்கும்படி இருந்தது அது ஒன்றுதான். முகத்தில் பருவும் வாயில் கம்பியுமாக இருந்த எனக்கு, பின்னால் இருந்து பார்த்தால் மட்டும் ஒரு அழகு உண்டு.

"நீதானே வேண்டிக்கிட்ட? உன் முடியைக் குடும்மா!" என்று குதித்தேன்.

"என் முடியைக் குடுக்கிறேன்னு நான் சொல்லலையேடி. உன் முடியைத்தான சொன்னேன். சாமிகிட்ட போய் மாத்திப் பேசச் சொல்றியா?"

பத்துமலையில் மொட்டை போடும்போது அப்பா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். நான் வீம்புக்கு அழவில்லை. வேனில் ஏறிக் கண்ணாடியில் பார்த்த பிறகுதான் அழுதேன். என் மண்டைக்கு அத்தனை மேடு பள்ளம் இருக்கும் என்று எனக்கு யாரும் சொன்னதில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா தலையில் பூசிய சந்தனத்தைத் தேய்த்துக் கழுவினாள். கழுவிக்கொண்டே பாடம் எடுத்தாள்.

"ஸ்கூல்ல யாராச்சும் கேட்டா வேண்டுதல்னு சொல்லிடாதே."

"ஏன்?"

"வேண்டுதல்னா எதுக்கு வேண்டுதல்னு கேப்பாங்க. சின்ன வயசுல வலிப்பு வந்துச்சுன்னு நீ உளறுவ. நாளைக்கு உன்னைப் பொண்ணு பாக்க வர்றவங்க காதுல விழுந்தா? வலிப்புக்காரின்னா எவன் கட்டுவான்?"

"அப்ப என்னதான் சொல்றது?"

"ஒண்ணும் சொல்லாதே. சிரிச்சிட்டுப் போயிடு."

அப்பாவும் தலையை ஆட்டினார். இருவரும் என் மானத்தைக் காப்பாற்றுவதாக நினைத்தார்கள், பாவம்.

மறுநாள் வகுப்பில் கால் வைத்ததும் கூட்டம் கூடியது. தைப்பூசம் முடிந்து பல மாதம் ஆகியிருந்தது. இருந்தாலும் என் பக்கத்து மேசைக்காரி நியாயமாகத்தான் ஆரம்பித்தாள்.

"வேண்டுதலாடி?"

"இல்ல."

"தலையில பேன் புடிச்சிருச்சா?"

"சீ, இல்ல!"

"அப்புறம் ஏன்லா மொட்டை?"

அம்மா சொல்லிக்கொடுத்தபடி சிரித்தேன். அந்தச் சிரிப்பை நான் கண்ணாடியில் பார்த்ததில்லை. ஆனால் அதில் ஏதோ ஒரு சோகம், ஒரு மர்மம் எல்லாம் இருந்திருக்க வேண்டும். ரீசஸ் இடைவேளைக்கு மணி அடிப்பதற்குள் கதை தயாராகிவிட்டது. நான் ஒரு பையனோடு சுற்றினேனாம். அப்பா கையும் களவுமாகப் பிடித்துவிட்டாராம். வீட்டுக்கு இழுத்துக்கொண்டு வந்து, இனி எவன் பார்க்கிறான் பார்க்கலாம் என்று அவர் கையாலேயே மொட்டை அடித்துவிட்டாராம்.

எங்கள் அப்பா! கரப்பான் பூச்சியை அடிக்கக்கூட அம்மாவைக் கூப்பிடுகிறவர்.

இதையெல்லாம் எனக்கு வந்து சொன்னவள் பக்கத்து மேசைக்காரிதான். மெதடிஸ்ட் சர்ச் குடும்பம். எனக்காக ஜெபம் பண்ணுவதாகவும் சொன்னாள். ஜெபம் பண்ண விவரம் வேண்டும் அல்லவா, அதனால் அன்றாடம் வாட்ஸ்அப்பில் விவரம் சேகரித்துக்கொண்டிருந்தாள். திங்கட்கிழமை என் காதலன் செலாயாங் பையனாக இருந்தான். புதன்கிழமை அம்பாங்குக்குக் குடிபோய்விட்டான். வெள்ளிக்கிழமை அவனுக்குச் சிவப்பு மோட்டார் வந்தது, கன்னத்தில் குழி விழுந்தது. என்னையும் அவனையும் பிரிக்பீல்ட்ஸில் பார்த்ததாகச் சாட்சி சொல்ல மூன்று பேர் இருந்தார்கள். அந்த வருடம் நான் பிரிக்பீல்ட்ஸுக்குப் போனதே ஒரு தடவைதான். அம்மாவோடு போய்ச் சாமிப் படத்துக்குச் சட்டம் மாட்டிக்கொண்டு வந்தேன்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்கு அது பிடித்திருந்தது. அதுவரை அந்தப் பள்ளியில் நான் இருக்கிறேனா இல்லையா என்று ஆசிரியர்களே பெயர் கூப்பிட்டுத்தான் தெரிந்துகொள்வார்கள். இப்போது கேண்டினில் ஐந்தாம் படிவப் பையன்கள் வழி விட்டார்கள். மண்டையில் மயிர் இருந்தபோது திரும்பிப் பார்க்காதவன், மொட்டையானதும் திரும்பிப் பார்த்தான். நானும் சும்மா இருக்கவில்லை. ஜன்னல் ஓரம் உட்கார்ந்து பெருமூச்சு விட்டேன். ரோட்டில் மோட்டார் சத்தம் கேட்டால் சட்டென்று நிமிர்ந்து பார்த்தேன். ஒரு தடவை அப்படி நிமிர்ந்தபோது போனது தபால்காரர். பின்வரிசையில் ஒருத்தி "பாவம்" என்றாள். எனக்குப் புல்லரித்தது. தலையில் மட்டும் புல்லரிக்க ஒன்றும் இல்லை.

கவுன்சிலிங் டீச்சர் கூப்பிட்டு, வீட்டில் எல்லாம் நலமா என்று மலாயில் மெதுவாகக் கேட்டார். "ஓகே, சிக்கு" என்று டீச்சரை மலாயிலேயே விளித்துச் சொல்லி அதே சிரிப்பைச் சிரித்தேன். டிஷ்யூப் பெட்டியை என் பக்கம் தள்ளினார். வீணாக்க வேண்டாம் என்று இரண்டு எடுத்துக்கொண்டேன்.

இந்தக் கூத்துக்கு யார் தலையில் கை வைக்கிறேன் என்று எனக்கு உறைக்கவில்லை. உறைத்தது அப்பாவின் வேனில். ஒரு நாள் காலையில் பின் இருக்கை காலியாக இருந்தது. கேட்டதற்கு, "அந்த ரெண்டு பிள்ளைங்க இனிமே வராதாம்" என்றார். அடுத்த வாரம் நடு இருக்கையும் காலி. வழக்கமாக ஒருவர் மடியில் ஒருவர் உட்கார்ந்து, சண்டை போட்டு, சிப்ஸ் கொட்டி நாறடிக்கும் அந்த வேன் அமைதியாக ஓடியது. பெற்ற மகளை அடித்து மொட்டை போடுகிறவன் வண்டியில் யார் தங்கள் பிள்ளையை ஏற்றுவார்கள்?

"என்னப்பா சொல்றாங்க உங்களை?" என்று தயங்கிக் கேட்டேன்.

"குடிச்சிட்டு வந்து உன் தலையைச் சிரைச்சிட்டேனாம்." மைலோவைத் தவிர எதுவும் குடிக்காத மனிதர் சிரித்தார். "ஆம்பளையைத்தானே சொல்றாங்க. சொல்லிட்டுப் போறாங்க, விடு."

காதலன் கதை அவர் காதுக்கு வரவே இல்லை என்று அப்போதுதான் புரிந்தது. ஊரில் எல்லோரும் பேசுவார்கள், ஆனால் பெற்ற அப்பனிடம் எவன் வந்து சொல்வான்? அவருக்கு வந்து சேர்ந்தது பாதிக் கதைதான். அவர் குடிகாரன், முரடன் என்ற பாதி. என் பாதியில் எனக்குக் காதலன், மோட்டார், கன்னத்தில் குழி.

அன்று சாயங்காலமே அம்மாவிடம் போய், "நான் வேண்டுதல்னு சொல்லிடப் போறேன். அப்பா பேரு கெடுது" என்றேன்.

அம்மா பதில் சொல்வதற்குள் அப்பா உள்ளே இருந்து சத்தம் போட்டார். "வாயைத் திறக்கக்கூடாது! வேன் இல்லாட்டி லோரி ஓட்டுறேன். உன் பேருக்கு ஒண்ணுன்னா நான் எங்க போய் மாத்துறது?"

அவ்வளவு சத்தமாக அவர் பேசி நான் கேட்டதில்லை. போய்ப் படுத்துக்கொண்டு அழுதேன்.

கடைசியாக வேனில் நான்கைந்து பிள்ளைகள்தான் மிச்சம். அதில் இருவர் எங்கள் தாமான் குடியிருப்பில் இருக்கும் ஓர் ஆன்டியின் மகள்கள். ஒரு மத்தியானம் பள்ளி விட்டதும் அந்த ஆன்டியே பள்ளி வாசலுக்கு வந்து நின்றார். அப்பா வேன் கண்ணாடியைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். நான் பையோடு பக்கத்தில் நின்றேன். சுற்றிலும் மற்ற அம்மாக்கள், பாதிப் பள்ளி.

"அண்ணே, தப்பா நினைச்சுக்காதீங்க. நாளையிலேருந்து பிள்ளைங்களை நானே ஏத்திக்கிறேன்."

"பரவால்லமா."

"கோவம் எல்லாருக்கும் வரும்ணே. அதுக்காகப் பொம்பளப் பிள்ளை தலையைப் போயி இப்படிப் பண்ணுவாங்களா?"

அப்பா துடைத்த இடத்தையே மறுபடி துடைத்தார். ஆன்டிக்கு அது போதவில்லை.

"பிரிக்பீல்ட்ஸ்ல ஒரு பையன் கூட மோட்டார்ல சுத்துனா, வயசுக் கோளாறுன்னு ரெண்டு அறை விட்டுப் புத்தி சொல்றதுதானே?"

துணி நின்றது.

"யாரு? யாரு கூட சுத்துனா?"

"உங்க பொண்ணுதாண்ணே. ஊருக்கே தெரியுமே."

அப்பா துணியை வீசி எறிந்தார். "என் மக எவன் கூடயும் சுத்தல!" என்று அவர் போட்ட சத்தத்தில் காவலாளிகூட கூண்டை விட்டு வெளியே வந்துவிட்டார். "இவ மூஞ்சியைப் பாருங்கமா! இவளை எவன் மோட்டார்ல ஏத்துவான்? ரெண்டு வயசுல இவளுக்கு வலிப்பு வந்துச்சு! வலிப்பு! பொழைச்சா முடி குடுக்கிறோம்னு முருகனுக்கு வேண்டிக்கிட்டோம், இப்பத்தான் குடுத்தோம்! போதுமா?"

ஒரே நிமிடத்தில் என் காதலன் செத்தான். அவன் இருந்த இடத்தில் வலிப்பு வந்து நின்றது. பக்கத்து மேசைக்காரி வாயைப் பிளந்துகொண்டு நின்றாள். கையில் போன் இருந்தது, அதைக்கூட மறந்துவிட்டாள். அப்பாவுக்குத் தாம் என்ன சொல்லிவிட்டோம் என்பது அப்போதுதான் உறைத்தது. முகம் வெளுத்துவிட்டது.

ஆன்டி என்னைப் பார்த்தார். கண் கலங்கியது. உடனே கைப்பையைத் திறந்து ஒரு சாவிக்கொத்தை எடுத்து என் உள்ளங்கையில் அழுத்தினார். வலிப்புக்காரர் கையில் இரும்பைக் கொடுக்க வேண்டும் என்பது நம்மவர்கள் எல்லோருக்கும் தெரிந்த வைத்தியம். "கெட்டியா புடிச்சுக்கமா" என்றார். பதினான்கு வருடமாக வராத வலிப்புக்கு நானும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். பிறகு அவர் தம் மகள்களைத் தாமே வேனில் ஏற்றிவிட்டு, "மன்னிச்சுக்கங்கண்ணே" என்று அப்பாவிடம் சொல்லி, வாங்க வேண்டிய சாமான் இருக்கிறது என்று பாசாருக்குப் போனார்.

மகள்களை வீட்டு வாசலில் இறக்கியபோதுதான் தெரிந்தது, என் கையில் இருந்தது அவர் வீட்டுச் சாவி. கதவைத் திறந்து கொடுத்தோம். கொத்தில் கடைச் சாவி, அலமாரிச் சாவி எல்லாம் இருந்ததால் அவர் கையிலேயே கொடுத்துவிடலாம் என்று அப்பா வண்டியைப் பாசாருக்குத் திருப்பினார்.

மற்ற பிள்ளைகளை முன்பே இறக்கிவிட்டிருந்ததால் வேனில் நாங்கள் இருவர் மட்டும். அப்பா ரோட்டைப் பார்த்துக்கொண்டே ஓட்டினார். சிக்னலில் நின்றபோது கேட்டார்.

"நெசமாவே அப்படி ஒரு பையன் இல்லையாமா?"

"இல்லப்பா."

"இருந்தா சொல்லு. அப்பா ஒண்ணும் திட்டமாட்டேன்."

"சத்தியமா இல்லப்பா."

பச்சை விளக்கு விழுந்தது. பின்னால் ஹார்ன் அடித்தார்கள். அவர் வண்டியை எடுக்கவில்லை.

"அவ்வளவு பேர் முன்னால வலிப்புன்னு கத்திட்டேனே. இனிமே உன்னை யாரு வந்து கேப்பா?" முகத்தைத் துடைத்துக்கொண்டார். "ஒருத்தன் இருந்திருந்தா கூட நல்லாத்தான் இருந்திருக்கும் போல இருக்கே."

எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. அந்த மனிதரைக் கட்டிக்கொள்ள வேண்டும் போல இருந்தது, ஆனால் நடுவில் கியர் இருந்தது.

"தேடலாம்ப்பா. முதல்ல செலாயாங்னாங்க, அப்புறம் அம்பாங்னாங்க. சிவப்பு மோட்டாராம்."

அப்பா ஒரு கணம் என்னைப் பார்த்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார். பின்னால் ஹார்ன் அடித்தவர்கள் எங்களைத் திட்டிக்கொண்டே சுற்றிப் போனார்கள். எவ்வளவோ நாளைக்குப் பிறகு அவர் அப்படிச் சிரித்தார். நான் சாவிக்கொத்தை விடவில்லை.