பாக்கெட் இல்லாத பக்கம்

நீங்கள் இப்போது போட்டிருக்கும் சட்டை கடைக்கு வருவதற்கு முன்னால் யாரோ ஒருவர் அதை நாற்பது நொடி உற்றுப் பார்த்திருக்கிறார். அவரைப் பற்றி என்றைக்காவது நாலு நொடி யோசித்திருக்கிறீர்களா?

இல்லையென்றால் இப்போது யோசியுங்கள். அந்த ஆடைத் தொழிற்சாலையில் அவளுக்குக் கழுகு என்று பெயர். வேலை செக்கிங், மேசை நம்பர் ஏழு, பதினெட்டு வருஷ சர்வீஸ். தைத்து முடித்த சட்டையை முன்பக்கம் மேலே தெரிய விரிப்பாள். தன் வலக்கைப் பக்கம் இருக்கும் மார்புப் பாக்கெட்டில் விரலை வைத்துத் தொடங்கி, கீழ் மடிப்பு, எதிர்ப்பக்கக் கை, காலர், இந்தப் பக்கக் கை என்று ஒரு சுற்றுச் சுற்றி மறுபடி பாக்கெட்டில் வந்து நிற்பாள். அந்த வரிசையில் எல்லோருக்கும் அதே பாடம்தான்: பாக்கெட்டில் தொடங்கு, பாக்கெட்டில் முடி. குறை தெரிந்தால் அந்த இடத்தில் சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒன்றை ஒட்டித் திருப்பி அனுப்ப வேண்டும். இல்லையென்றால் காலருக்குள் தன் நம்பர் சீட்டைச் செருகித் தள்ளிவிட வேண்டும். முதுகுப் பக்கம் அடுத்த மேசையின் பாடு.

அவள் கண்ணுக்குத் தப்பி ஒரு தொங்கு நூல்கூட வெளியே போனதில்லை. கல்யாண வீட்டுக்குப் போனாலும் மாப்பிள்ளையின் சட்டைக் கையைத்தான் முதலில் பார்ப்பாள் என்று கேலி செய்வார்கள். உண்மைதான்.

ஒரு மதியம் கை கழுவப் போன இடத்தில் குழாயடியிலேயே சாய்ந்தாள். பக்கவாதம். இடது கையும் காலும் துவண்டன. "கண்ணு பட்டுடுச்சு. கழுகு கழுகுன்னு எல்லாரும் சொல்லிச் சொல்லியே விழுந்துட்டா" என்றார்கள் பார்க்க வந்தவர்கள். கண்ணும் படவில்லை, காதும் படவில்லை. மூளைக்குப் போகும் இரத்தக்குழாய் ஒன்று அடைத்துக்கொண்டது. வருஷக்கணக்காக ஏறிக்கொண்டே போன இரத்த அழுத்தத்தை அந்தத் தொழிற்சாலையில் ஒருவரும் ஒருநாளும் அளந்து பார்த்ததில்லை. அதைக் கேட்க ஆளில்லை, கண்ணைக் குறை சொல்ல நூறு பேர்.

ஒன்பது வாரத்தில் நடந்தாள். விரல் மடங்கியது. ஆனால் வீட்டில் உட்கார முடியவில்லை. எழுந்தால் உட்காரத் தோன்றும், உட்கார்ந்தால் எழத் தோன்றும். தலையணை உறையில் பிசிறு தேடினாள். திரைச்சீலையின் தையலை எண்ணினாள். பஸ் டிப்போவில் டயர் மாற்றும் அவள் கணவர் வேலைக்குக் கிளம்பும்போது வாசலில் மறித்து நிற்க வைத்துப் பொத்தான்களை இழுத்துப் பார்த்தாள்.

"கிரீஸ் படப்போற சட்டைக்கு எதுக்குடி இந்த சோதனை?"

"சும்மா நில்லுங்க. கை ஊறுது."

சமையலுக்கு உதவ வந்திருந்த நாத்தனாருக்கு வேறொரு மனக்குறை. தட்டில் வைத்ததில் வலது பாதியைச் சாப்பிட்டுவிட்டு, இடது பாதியை அப்படியே வைத்துவிட்டு எழுந்துவிடுகிறாள்.

"என் கைப்பக்குவம் பாதிதான் புடிக்குது போல அண்ணிக்கு" என்றாள் நாத்தனார், அண்ணன் காதில் விழும்படி.

"என்ன பேசுற நீ? வெச்சதெல்லாம் காலி பண்ணிட்டுத்தானே எழுந்தேன்."

நாத்தனார் தட்டைத் தூக்கிக் காட்டவில்லை. நோயாளியிடம் எதற்கு வம்பு என்று கழுவி வைத்துவிட்டாள். கதவு நிலையில் இடது தோள் இடிபடுவதையும், இடது காலில் செருப்பில்லாமலே அவள் தெருவில் இறங்கியதையும் வீட்டில் ஞாபகமறதிக் கணக்கில் சேர்த்துவிட்டார்கள்.

பன்னிரண்டாம் வாரம் பெரிய டாக்டர் கையைப் பிடித்து அழுத்தச் சொன்னார். அழுத்தினாள். "நல்லாயிருக்கே" என்று கையெழுத்துப் போட்டார். அதே ஆஸ்பத்திரியில், எக்ஸ்ரே அறைக்குப் பின்னால், கதவில் 'ஆக்குபேஷனல் தெரபிஸ்ட்' என்று எழுதிய ஓர் அறை உண்டு. உள்ளே ஓர் அடுப்பு, ஒரு கட்டில், பூட்டுகள் தொங்கும் பலகை, பழைய தையல் மெஷின். நோயால் முடங்கியவர்களை அன்றாட வேலைக்கும் பிழைப்புக்கும் திரும்பப் பழக்குவதுதான் அங்கே இருந்த பெண்ணின் தொழில். அவளை எல்லோரும் 'பழக்குற மேடம்' என்பார்கள். கழுகின் விரல்களுக்கு உயிர் கொடுத்தது அவள்தான். "வேலைக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு சட்டையோட வந்து, எப்படிப் பாப்பீங்கன்னு செஞ்சு காட்டிட்டுப் போங்க" என்று சொல்லியிருந்தாள். கையெழுத்து கிடைத்த அவசரத்தில் கழுகு அந்தப் பக்கமே திரும்பவில்லை. மறுநாள் காலை ஏழாம் நம்பர் மேசைக்கு முன்னால் நின்றாள்.

நாலு நாள். முப்பத்தொரு சட்டை திரும்பி வந்தது. எல்லாவற்றின் காலருக்குள்ளும் ஏழாம் நம்பர் சீட்டு.

மேலாளர் பதிவேட்டை விரித்துப் படித்தார். "தொங்கு நூல் பதினொண்ணு. பொத்தான் தையல் ஒம்போது. கறை ஏழு. மடிப்புப் பிசகு நாலு. என்னம்மா இது?"

"நான் பாத்தேன் சார். ஒவ்வொண்ணையும் முழுசா ஒரு சுத்து சுத்திட்டுத்தான் விட்டேன். யாரோ என் சீட்டை மாத்திச் செருகுறாங்க."

ஆறாம் நம்பர் மேசைக்காரிக்குப் பொத்துக்கொண்டு வந்தது. "யாரோன்னா யாரு? பக்கத்துல இருக்குறது நான்தான். உன் சீட்டை வெச்சு நான் என்ன வீடா கட்டப்போறேன்?"

மேலாளர் ஒரு படிவத்தை எடுத்து வைத்தார். நோய் விடுப்பு முடிந்து வந்தவர்களுக்கானது. அதில் இரண்டே கட்டங்கள்: பணிக்குத் தகுதி, பணிக்குத் தகுதியில்லை. "திங்கட்கிழமை இதுல ஒண்ணுல டிக் போடணும்" என்றார். எதில் என்று சொல்லவில்லை. அவர் பேனா எங்கே நின்றது என்பதை அவள் பார்த்துவிட்டாள்.

அன்று இரவு வீட்டில் எட்டடிக்கு எட்டடி நடந்துகொண்டே இருந்தாள். வேலை போவதைவிட, தான் பார்க்காமல் விட்டாள் என்று நாலு பேர் சொல்வதுதான் உள்ளே அறுத்தது. விடிந்ததும் பழக்குற மேடத்தின் அறைக்குப் போய், உட்காராமல், மூச்சுவிடாமல் எல்லாவற்றையும் கொட்டினாள். சதி என்றாள்.

மேடம் மேலாளருக்குப் போன் செய்தாள். அன்று மதியமே தொழிற்சாலைக்கு வந்து, திரும்பி வந்த முப்பத்தொரு சட்டையையும் கேட்டாள். பதிவேட்டைத் தொடவே இல்லை. நீளமான மேசையில் ஒவ்வொரு சட்டையையும் கழுகு விரிப்பது போலவே முன்பக்கம் மேலே தெரிய வரிசையாக விரித்தாள். பின்னால் வந்த ஆறாம் நம்பர் மேசைக்காரி குறை இருக்கும் இடத்திலெல்லாம் சிவப்பு அம்பை ஒட்டிக்கொண்டே போனாள்.

பாதி வரிசை போவதற்குள் ஆறாம் நம்பர்க்காரியின் கை நின்றது. "மேடம், எல்லாம் ஒரே பக்கமா இருக்கு."

பாக்கெட் இருக்கும் பக்கத்தில் ஓர் அம்புகூட இல்லை. முப்பத்தொன்றும் பாக்கெட் இல்லாத பக்கம். கழுகுக்கு இடக்கைப் பக்கம். என்ன குறை என்றுதான் பதிவேடு கேட்டது. எங்கே என்று அது கேட்டதே இல்லை.

"கண்ணுல ஒண்ணும் இல்லக்கா" என்றாள் மேடம். "இடது பக்கம்னு ஒண்ணு இருக்குறதை மூளை கணக்குல எடுத்துக்க மாட்டேங்குது. அடைப்பு விழுந்த இடம் அப்படி. நீங்க பாக்கெட்ல ஆரம்பிச்சு மறுபடி பாக்கெட்டுக்கு வந்துடுறீங்க. அதனால முழுச் சுத்தும் சுத்திட்ட மாதிரியே இருக்கும். விட்டது விட்டதுன்னு தெரியாது."

கழுகு ஓர் அம்பின் மேல் விரலை வைத்தாள். பிறகு, "அப்போ தட்டுல நெஜமாவே பாதி மிச்சம் வெச்சேனா?" என்றாள். அப்புறம் ஆறாம் நம்பர்க்காரியைப் பார்த்தாள். "மன்னிச்சுக்கடி."

"மன்னிக்கிறது இருக்கட்டும். முதல்ல அந்தச் செருப்பை ரெண்டு கால்லயும் போடு."

மேடம் பத்து நாள் அவகாசம் கேட்டாள். மேலாளர் மோவாயைத் தடவிக்கொண்டே சம்மதித்தார். பழக்கம் எளிமையானது, ஆனால் எரிச்சல் மூட்டுவது. மேசையின் இடது ஓரத்தில் ஒரு சிவப்பு ரிப்பன். சட்டையைத் தொடுமுன் தலையைத் திருப்பி அதைக் கண்டுபிடிக்க வேண்டும். பதினெட்டு வருஷப் பாடத்தைத் தலைகீழாக்கி, ரிப்பன் பக்கத்தில்தான் தொடங்க வேண்டும். விரல் தானாகப் பாக்கெட்டுக்கு ஓடும். பிடித்து இழுத்து வர வேண்டும். ஒருநாளைக்கு இருநூறு தடவை இழுத்து வந்தாள். ரிப்பன் துணிக்கடியில் சுருண்டு போகிறது என்று அதைக் கிழித்துப் போட்டுவிட்டு, இடது ஓரம் முழுக்கத் தன் சிவப்பு அம்புகளையே ஒட்டி வைத்தாள். அதே அம்புகள் வீட்டில் சாப்பாட்டுத் தட்டின் இடது விளிம்பிலும் ஏறின. வீட்டுத் துணிகளில் குறை செய்து ஒளித்து வைக்கும் பொறுப்பு கணவருக்கு. அந்த உற்சாகத்தில் அவர் விசேஷங்களுக்கு வைத்திருந்த தன் ஒரே நல்ல சட்டையில் மை கொட்டினார். நாலு நொடியில் கண்டுபிடித்தாள். அரைமணி நேரம் திட்டினாள்.

பத்தாம் நாள். மேலாளரே தேர்ந்தெடுத்த நாற்பது சட்டை. எத்தனையில் குறை, எங்கே குறை என்று அவருக்கு மட்டும் தெரியும். கழுகு ஒவ்வொரு முறையும் தலையைத் திருப்பினாள், அம்பைப் பார்த்தாள், அங்கிருந்து தொடங்கினாள். பத்தொன்பது குறைகள், பத்தொன்பது ஸ்டிக்கர்கள். ஆறாம் நம்பர்க்காரி நாக்கைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

மேலாளர் கடிகாரத்தைப் பார்த்தார். "ஒரு சட்டைக்கு எழுபது நொடி ஆகுதேம்மா. இங்க கணக்கு நாப்பது."

"ஆறு வாரம், அரை நாள் வேலை குடுங்க" என்றாள் மேடம். "வாரத்துக்கு அஞ்சு நொடி குறைச்சுட்டு வருவாங்க. நான் வந்து பாத்துக்கறேன்."

"எனக்கும் ஆசைதான். ஃபாரத்துல ரெண்டே கட்டம் இருக்கு. அரை நாள்னு நான் எங்க எழுதுறது?"

மனுஷர் கொடுமைக்காரர் அல்ல. இந்த உலகில் பாதிக் கொடுமைகளை நல்ல மனுஷர்கள்தான் படிவத்தைக் காட்டிச் செய்து முடிக்கிறார்கள்.

கழுகு வாயைத் திறந்தாள். "சார், நான் வந்த அன்னிக்குக் காஜா மெஷினுக்கு மோட்டார் மாத்தினாங்க. மெக்கானிக் என்ன சொன்னாரு?"

"என்ன சொன்னாரு?"

"ரெண்டு நாள் பாதி வேகத்துலதான் ஓட்டணும், எடுத்த எடுப்புல முழு வேகம் குடுத்தா எரிஞ்சுடும்னாரு. நீங்களும் சரின்னு தலையாட்டுனீங்க. எந்த ஃபாரத்துல எழுதுனீங்க?"

"அது மெஷின்மா."

"அதைத்தான் சார் நானும் சொல்றேன்."

ஆறாம் நம்பர்க்காரி சிரிப்பை இருமலாக்கினாள். கழுகு படிவத்தைத் தன் பக்கம் இழுத்து மேசைமேல் விரித்தாள். தலையைத் திருப்பி அம்புகளைப் பார்த்தாள். இடது மூலையில் தொடங்கி, வரிவரியாக விரல் ஓட்டி, கட்டங்கள் இரண்டும் முடிந்து வெறும் காகிதமாகக் கிடந்த இடத்தில் நிறுத்தினாள். அங்கே ஒரு சிவப்பு அம்பை ஒட்டினாள்.

"குறை இங்க இருக்கு சார். திருப்பி அனுப்புங்க."

மேலாளர் அம்புக்குப் பக்கத்தில் பேனாவால் ஒரு கட்டம் வரைந்து, 'அரை நாள், ஆறு வாரம், படிப்படியாக' என்று எழுதி, அதில் டிக் போட்டு மேலிடத்துக்கு அனுப்பினார். பதில் இன்னும் வரவில்லை. அவள் அரை நாள் வேலைக்கு வரத் தொடங்கி இது நாலாம் வாரம். ஒரு சட்டைக்கு ஐம்பத்து மூன்று நொடி. அலுவலக அறைக் கதவு திறக்கும் ஒவ்வொரு முறையும் அவள் விரல் நின்றுவிடுகிறது. கதவு மூடியதும் மறுபடி இடது ஓரத்திலிருந்து தொடங்குகிறாள்.

இதைப் படிக்கிற உங்களில் யாராவது ஓர் அலுவலகத்தில், பட்டறையில், பள்ளியில், கடையில் இப்படிப்பட்ட படிவத்தில் கையெழுத்துப் போடும் இடத்தில் இருப்பீர்கள். நாளை காலை அதை எடுத்து விரித்துப் பாருங்கள். கட்டம் இரண்டோடு நின்றிருந்தால், மேலிடத்தைக் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டாம். பேனாவை எடுத்து மூன்றாவதை நீங்களே வரையுங்கள்.