ஒற்றை நுனியின் தியானமாம்!

கோபம் எனக்குத்தான் மூக்கு நுனியில் இருக்கும். எங்கள் அக்கா பொறுமைசாலி. அந்தப் படத்தை மாட்டிய வாரம் அவளே கொதித்துவிட்டாள்.

இருவருக்கும் ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் வேலை. நான் துணி உலர்த்தும் இயந்திரத்தில். அக்கா படுக்கை விரிப்பு மடிக்கிற இடத்தில். அவளுக்கு எதிரே நிற்பவள் ஏணி. ஆள் உயரம், அதனால் அந்தப் பெயர். ஆளுக்கொரு பக்கம் பிடித்து, உதறி, நடந்து வந்து நுனியோடு நுனி சேர்ப்பார்கள். சேரும்போதெல்லாம் ஒரு பேச்சு. ஏணி மாமியார் கதையைத் தொடங்கினால் முடிவதற்குள் ஒரு வண்டி விரிப்பு மடிந்துவிடும். புருஷனைப் பறிகொடுத்துவிட்டு நடைப்பிணமாக வேலைக்கு வந்த அக்காவை, அப்படிப் பேசிப் பேசியே மனுஷியாக்கியவள் அவள்தான்.

ஒரு புகைப்படக்காரர் வந்து படம் எடுத்துப் போனார். அது ஆஸ்பத்திரி முன்வாசல் சுவரில் ஏறியது. அக்கா மட்டும் விரிப்பைப் பிடித்துக் குனிந்து நிற்கிறாள். ஏணியை வெட்டிவிட்டார், ஓரத்தில் அவளுடைய இரண்டு விரல்தான் மிச்சம். கீழே தலைப்பு: ‘ஒற்றை நுனியின் தியானம்’.

தியானமாம், மண்ணாங்கட்டி!

அதைப் பார்த்த நாளிலிருந்து ஏணி நுனி சேர்த்தாளே தவிர கதை பேச வாய் திறக்கவில்லை. தன்னை இஸ்திரிப் பக்கம் மாற்றச் சொல்லி மேற்பார்வையாளரிடம் கேட்டும்விட்டாள்.

“சத்தியமா எனக்கு ஒண்ணும் தெரியாதுடி,” என்றாள் அக்கா.

“அப்போ அதுக்கு என்ன அர்த்தம்னு சொல்லு,” என்றாள் ஏணி. “நான் இல்லாம நீ நிம்மதியா இருக்கேன்னுதானே?”

அக்கா அர்த்தம் தேடி அலைந்தாள். மருந்துக்கடைக்காரர் “ஆன்மிகம்” என்றார். நர்சம்மா “பெண்ணியமா இருக்கும்” என்றார். என் வீட்டுக்காரர், “இடுப்பு வலியில குனிஞ்சு நின்னதைத் தியானம்னு நினைச்சிட்டான்,” என்றார். அது ஒன்றுதான் உருப்படியான விளக்கம்.

கடைசியில் புகைப்படக்காரரிடமே போனோம்.

“அர்த்தத்தை நீங்கதாம்மா தேடணும். அதுதான் கலை,” என்று சிரித்தார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “பேர் வச்சது நீங்க, தேடுறது நாங்களா?”

அக்கா என் கையைப் பிடித்து அடக்கினாள். “எதிர்ல நின்னவளை எதுக்கு வெட்டினீங்க?”

“அவங்க இருந்தா அர்த்தம் கெட்டுடும்மா.”

அக்காவின் முகம் சிவந்துவிட்டது. “அவ இல்லாட்டி நான் அங்க நின்னிருக்கவே மாட்டேன்யா! படத்தைக் கழட்டுங்க.”

அது இனி ஆஸ்பத்திரி சொத்து என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டார்.

மறுநாள் ஏணி இஸ்திரிப் பக்கம் போகக் கிளம்பினாள். அக்கா விரிப்போடு வழியை மறித்தாள்.

“அர்த்தம் கேட்டுட்டு வந்தேன்.”

“என்னவாம்?”

“நீ இருந்தா அர்த்தம் கெட்டுடுமாம்.”

ஏணி அவளையே முறைத்தாள். பிறகு விரிப்பின் மறுபக்கத்தை வெடுக்கென்று பிடுங்கினாள்.

“கெட்டு ஒழியட்டும். பிடிடி!”

உதறினார்கள். நடந்து வந்து நுனி சேர்த்தபோது ஏணியின் வாய் திறந்தது.

“ரெண்டு விரலை மட்டும் எதுக்குடி விட்டு வச்சான், கட்டையில போறவன்?”