நாக்கரூ பாலத்து முள்மரம்

நாக்கரூ பாலம் வந்தால் ஃபெஸ்டி லவல் சைக்கிளை விட்டு இறங்கிவிடுவார். மழையானாலும் காற்றானாலும் தள்ளிக்கொண்டே பாலத்தைக் கடப்பார். அக்கரையில் இருக்கும் நாக்கரூவுக்குப் போன பிறகுதான் மறுபடி ஏறுவார். எங்கள் வீட்டு சன்னலிலிருந்து பாலம் தெரியும். முப்பது வருடத்துக்கும் மேல் பார்த்திருக்கிறேன். ஒரு நாள்கூட அவர் அதன்மேல் மிதித்துப் போனதில்லை.

“என்னய்யா ஃபெஸ்டி, நாக்கரூக்காரன் உன்கிட்ட சுங்கம் கேக்குறானா?” என்று வயலிலிருந்து கத்துவான் பாக்கி கோமன்.

“உன் மூஞ்சியப் பாத்துக்கிட்டே மிதிச்சா தண்ணியில விழுந்துருவேன், அதான்.”

ஃபெஸ்டி கில்லாரன் வட்டாரத்தின் சாலைத் தொழிலாளி. வட்டாரத்தில் முப்பத்தொரு சிற்றூர்கள். எது எந்த ஓடையில் முடிகிறது, எது எந்தச் சதுப்பில் தொடங்குகிறது என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். நூறு வருடத்துக்கு முந்தைய பெரும்பஞ்சத்தின்போது ட்ரம்லீ ஊரில் நாற்பது வீடு இருந்தது, இப்போது ஆடுகள் மட்டும்தான் என்பதை நேற்று நடந்ததுபோலச் சொல்வார். பஞ்சத்துக்குப் பிறகு வரி வாங்க வட்டாரம் பிரித்தவர்கள் எங்கள் தேவாலயப் பங்கின் நடுவே கோடு போட்டுவிட்டார்கள். கோயில் கில்லாரனில், கல்லறைத் தோட்டம் அடுத்த வட்டாரத்தில். “நம்மூர்ல சாகுறதுன்னா கூட எல்லை தாண்டணும்” என்பார். வேலித் தகராறு வந்தால் கவுன்சில் இன்ஜினியரே அவருக்குத்தான் ஆள் அனுப்புவார். அவர் காலால் ஒரு கோடு கிழித்தால் சண்டை முடிந்தது. அவருக்கு இருந்த ஒரே பெருமை அது.

அவர் மனைவி டீலியா. பதிமூன்று வயதில் பள்ளியை விட்ட நாளிலிருந்து அவர்கள் வீட்டில் வெண்ணெய் கடையவும் துணி துவைக்கவும் போய்வந்தேன். பிள்ளை இல்லாதவர்கள் என்று வெளியூர்க்காரர்கள் சொல்வார்கள். ஐம்பத்தேழு பிப்ரவரியில் அவர்களுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. உயிரில்லாமல் பிறந்தது. ஞானஸ்நானம் பெறாத பிள்ளைக்கு அந்தக் காலத்தில் கல்லறைத் தோட்டத்தில் இடம் கிடையாது. தகப்பன் மட்டும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய், இரண்டு ஊருக்கு நடுவே யாருக்கும் சொந்தமில்லாத ஓரத்தில் புதைத்துவிட்டு வருவான். எங்கே என்று தாயிடம் சொல்ல மாட்டான். அவளும் கேட்க மாட்டாள். எல்லா வீட்டிலும் அப்படித்தான் நடந்தது. ஃபெஸ்டி திரும்பி வந்து கை கழுவியதாகவும், தான் எழுந்து தேநீர் போட்டுக் கொடுத்ததாகவும் டீலியா ஒருமுறை சொன்னாள்.

அறுபத்து மூன்று இலையுதிர் காலத்தில் பெருவெள்ளம் வந்தது. எங்கள் ஊரான டெர்ரிநானாவுக்கும் நாக்கரூவுக்கும் எல்லையாக இருந்த ஓடை பாலத்தைத் தாண்டிக் கீழ்ப்பக்கம் தடம் மாறியது. எல்லைக்கல்லை வெள்ளம் அடித்துக்கொண்டு போயிற்று. அடுத்த ஆண்டு பழைய எல்லையிலேயே நேராக ஒரு வாய்க்கால் வெட்டுவது என்று முடிவானது. பழைய எல்லை எது என்பதில் ஆளுக்கொரு பேச்சு. இன்ஜினியர் ஃபெஸ்டியை வரச்சொன்னார். நான் ஆட்களுக்குத் தேநீர் கொண்டுபோயிருந்தேன்.

“கல்லு எங்க இருந்துச்சு ஃபெஸ்டி? நீங்க சொல்றதுதான் எனக்குக் கணக்கு” என்றார் இன்ஜினியர்.

ஃபெஸ்டி தரையைப் பார்த்தார்.

“சொல்லுய்யா” என்றான் பாக்கி. “பெத்த அப்பன் பேரு மறந்தாலும் உனக்கு இது மறக்காதே.”

“ஞாபகம் இல்ல.”

விளையாடுகிறார் என்று எல்லோரும் சிரித்தார்கள். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. “அந்த முள்மரத்தை ஒட்டித்தான் இருந்துச்சு” என்று பாக்கி அடித்துச் சொன்னான். இன்ஜினியர் அதையே எழுதிக்கொண்டார்.

தனியாக நிற்கும் முள்மரத்தை எங்கள் பக்கம் யாரும் தொட மாட்டார்கள். தொட்ட குடும்பம் விளங்காது என்பார்கள். மண்வெட்டி இயந்திரம் வந்தாலும் மரத்தைச் சுற்றிக்கொண்டு போகும் என்றுதான் பாக்கி நினைத்திருப்பான். இயந்திரத்தை ஓட்டியவன் கிழக்கிலிருந்து வந்தவன், இந்தப் பயமெல்லாம் அவனுக்கில்லை. முள்மரத்தை வேரோடு தூக்கி ஓரமாகப் போட்டுவிட்டான். ஃபெஸ்டி அன்று முழுவதும் மண்வாரியைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஒரு கல்லைக்கூட அள்ளவில்லை.

சாயங்காலம் கன்றைத் தேடிக்கொண்டு அந்தப் பக்கம் போனேன். வெட்டிப் போட்ட மண் குவியலருகே மண்டியிட்டு ஒவ்வொரு கட்டியாகக் கையால் உடைத்துக்கொண்டிருந்தார்.

“என்ன தேடுறீங்க?”

“என் பைப்பு விழுந்துருச்சு.”

புகையிலைப் பைப்பு அவர் கோட்டுப் பையில் நீட்டிக்கொண்டிருந்தது. நான் கன்றை ஓட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

தொண்ணூற்று மூன்றில் புதிதாக வந்த பாதிரியார் பூசையில் அறிவித்தார். ஞானஸ்நானம் பெறாத அந்தப் பிள்ளைகள் கிடக்கும் இடங்களைச் செபம் சொல்லி மந்திரிக்கப் போகிறார்களாம். பெயர்களைக் கல்லில் பொறிப்பார்களாம். எங்கே புதைத்தோம் என்று தெரிந்தவர்கள் வந்து சொல்லலாம். அன்று மத்தியானம் டீலியா வீட்டுச் சமையலறையில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தேன். முப்பத்தாறு வருடம் கழித்து அவள் கேட்டாள்.

“அவ எங்க இருக்கா ஃபெஸ்டி?”

அவர் தொப்பியைக் கழற்றி முழங்கால்மேல் வைத்தார்.

“முள்மரத்தடியில வச்சேன். அத யாரும் தொட மாட்டாங்கல்ல. பாலத்துலேருந்து பாத்தாலும் தெரியும்.”

“அந்த மரந்தான் இல்லையே.”

“இல்ல.”

“மெஷினு அது வழியாத்தான போச்சு.”

“ஆமா. கல்லு அங்க இல்ல டீலியா. கிழக்கால பத்தடி தள்ளி இருந்துச்சு. பத்தடின்னு ஒரு வார்த்த சொல்லிருந்தாப் போதும். வாயத் தொறந்தா அவளப் பத்திதான் வரும்னு தோணுச்சு. அத்தன பேரு நின்னாங்க. வெக்கமாப் போச்சு.”

“ஏதாச்சும் கெடச்சுதா?”

“பத்து நாள் தேடினேன். ஒண்ணும் கெடைக்கல.”

அடுப்பில் பானை பொங்கி வழிந்தது. நான் எழுந்து இறக்கிவைத்தேன்.

“எங்கிட்டயாச்சும் சொல்லிருக்கலாம். மெஷினுக்கு முன்னால போய்ப் படுத்திருப்பேன்” என்றாள் டீலியா. அப்புறம், “அவளுக்கு ஊனான்னு பேரு வச்சிருந்தேன். நானும் உங்கிட்டச் சொல்லல” என்றாள்.

ஃபெஸ்டி அந்தப் பெயரை ஒருமுறை சொல்லிப் பார்த்தார். பிறகு எழுந்து கொட்டகைக்குப் போய்விட்டார்.

ஊர்க் குன்றின் மேலே, அந்தப் பிள்ளைகளுக்காக மந்திரித்த இடத்தில் இப்போது கல் நிற்கிறது. அதில் பத்தொன்பது பெயர்கள். டீலியா ஊனாவின் பெயரைக் கொடுக்கவில்லை. அவள் அங்கே இல்லையே என்று சொல்லிவிட்டாள். ஃபெஸ்டி இறந்து ஏழு வருடமாகிறது. டீலியாவுக்கு எண்பது வயது, அதே வீட்டில் தனியாக இருக்கிறாள். நான் காலையில் போய் அடுப்பு மூட்டிக் கொடுக்கிறேன். ஒவ்வொரு வசந்தத்திலும் கவுன்சில் ஆட்கள் வந்து முள்மரம் நின்ற இடத்து வாய்க்காலைத் தூர் வாரிவிட்டுப் போகிறார்கள்.