ராஜினி அக்கா சயாமுக்கு நடக்கிறார்

இடுப்பில் துணி மூட்டையோடு, பிரிக்பீல்ட்ஸ் கடைவரிசையோரம் காலையிலேயே அழுது பாடிக்கொண்டு போகிறார் ராஜினி அக்கா. வடைக் கடை வீரம்மா எண்ணெய்ச் சட்டியிலிருந்து கண்ணை எடுக்காமலே கேட்கிறார்: "அக்கா, சயாம் வந்திருச்சா?"

"இன்னும் பக்கத்துல இருக்கிற பங்சாரே தாண்டல லா. ரெண்டு வடை குடு."

அழுகை பயிற்சிக்காக. உலகப்போரில் ஜப்பான்காரன் ஆண்ட காலத்தில், சயாமில், அதாவது இன்றைய தாய்லாந்தில், ரயில் பாதை போடப் பிடித்துக்கொண்டு போன புருஷனைத் தேடி நடந்தே போகும் ஒருத்தியின் கதை. வசனமே இல்லாமல் முழுக்கப் பாட்டாலான நாடகம். ஒத்திகை தொடங்கும் பூசைக்குத் தேவாரம் பாடப்போன அக்காவை, இயக்குநர் வாசு கதாநாயகியாக்கிவிட்டார். வரி அலுவலகத்திலிருந்து ஓய்வு பெற்ற அக்காவுக்கே அதிர்ச்சி. "சர்வீஸ் பூரா கவுண்டர்ல 'நெக்ஸ்ட்'னு சொன்னதுதான் என்னோட பெரிய சத்தம்" என்பார்.

ஒரே சிக்கல். சின்ன வயதிலிருந்து கோயிலில் பாடிய பழக்கம்; சம்மணம் போட்டுக் கண்ணை மூடினால்தான் அக்காவுக்குக் குரல் வரும். அதனால் மேடையில் அந்தப் பெண் மரத்துக்கு மரம் உட்கார்ந்து உட்கார்ந்தே சயாம் போனாள். கிள்ளானில் அரங்கேறிய அன்று, கடைசிப் பாட்டு முடிந்ததும் ஒருவரும் கைதட்டவில்லை. மானம் போனது என்று அக்கா உள்ளே ஓடிப்போய் அழுதார், இம்முறை நிஜமாகவே. கணவர் கேதீஸ்வரன்தான் இழுத்து வந்து திரை இடுக்கில் காட்டினார். சபை முழுவதும் கைகூப்பி நின்றுகொண்டிருந்தது. அக்கா எதைப் பாடினாலும் அது தேவாரமாகிவிடும், தேவாரத்துக்கு யாரும் கைதட்டுவதில்லை.

இப்போது அதையே வாசு படமாக எடுக்கிறார். படத்தில் அந்தப் பெண் நடந்தாக வேண்டும். ஆகவே நடிப்பு அக்காவுடையது, குரல் வேறொரு பாடகியுடையது என்று முடிவானது. "ரிட்டயரான பெறகுதான் எனக்கு வாய் இருக்குன்னே தெரிஞ்சுது. அதையும் புடுங்கிக்கிட்டா எப்படி?" என்று பக்கத்து வீட்டில் இருக்கும் என்னிடம் கேட்டார் அக்கா. எனக்கும் பாவமாகத்தான் இருந்தது. அன்று தொடங்கியது இந்த நடை. முதலில் நடந்தால் பாட்டு நின்றுவிடும், பாடினால் கால் நின்றுவிடும். கண்ணை மூடிப் பாடி ஒருமுறை சலூன் கண்ணாடிக் கதவில் முட்டிக்கொண்டதும் உண்டு.

போன வாரம் கிள்ளான் பக்கம் ஒரு செம்பனைத் தோட்டத்தில் முதல் நாள் படப்பிடிப்பு. வாயை அசைத்தால் மட்டும் போதும் என்றார் வாசு. ஒலிபெருக்கியில் பாடகியின் குரல் கிளம்பியது. அக்கா நடந்து வந்தார். வழியில் குனிந்து ஒலிபெருக்கியின் வயரைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, கண்ணை அகலத் திறந்தபடி, பாடிக்கொண்டே காமிராவைத் தாண்டிப் போனார்.